சதுரம் என்னும் வடிவச்சொல்: தமிழ், மலையாள வழக்குகளில் பொருள் வேறுபாடு

ஒரே மூலத்திலிருந்து இரு மொழிகளில் புகுந்த கடன்சொல் இரண்டிலும் ஒரே பொருளைத் தரவேண்டும் என்னும் கட்டாயம் இல்லை. பொதுவழக்குச் சொற்களில் இத்தகைய வேறுபாடு பெருந்தீங்கு விளைப்பதில்லை. சூழல் பொருளைத் தெளிவாக்கிவிடும். கலைச்சொற்களின் நிலை வேறு. அங்குச் சொல்லுக்கு வரையறை உண்டு. வரையறை மாறினால் கணக்கின் விடையும் மாறும். தமிழிலும் மலையாளத்திலும் வழங்கும் ‘சதுரம்’ என்னும் பெயரும், ‘சதுர’ என்னும் அதன் பெயரடை வடிவமும் இதற்குத் தக்க சான்றுகளாகும்.

தமிழ்க் கணிதப் பாடநூல்களில் சதுரம் என்பது நான்கு பக்கங்களும் சமமாகவும் நான்கு கோணங்களும் செங்கோணங்களாகவும் அமைந்த உருவம். கேரளத்தின் மலையாளக் கணிதப் பாடநூல்களில் ‘சதுரம்’ என்பது நான்கு கோணங்களும் செங்கோணங்களாக அமைந்த உருவம். அதாவது தமிழில் செவ்வகம் என வழங்குவது. தமிழர் சதுரம் என்பதை மலையாளப் பாடநூல் ‘சமசதுரம்’ என்கிறது. ஒலிப்பில் சிறு வேறுபாடு உண்டு. தமிழர் மொழிமுதற் சகரத்தைப் பெரும்பாலும் உரசொலியாகவும், உயிரிடைத் தகரத்தை ஒலிப்புடை ஒலியாகவும் ஒலிப்பர். மலையாளத்தில் இவ்விரண்டும் வல்லொலியாகவே நிற்கும். ஆயின் இவ்வொலி வேறுபாட்டைக் கொண்டு பொருள் வேறுபாட்டை யாரும் உணர்ந்துகொள்வதில்லை. அண்டைமொழியார் நம் சொல்லையே சற்று அழுத்தி ஒலிக்கின்றனர் என்றே கேட்போர் கொள்வர்.

இது அகராதியோடு முடியும் சிக்கல் அன்று. திருவனந்தபுரத்தில், குறிப்பாகச் சாலைக் கடைத்தெருவைச் சுற்றிலும், தலைமுறை பலவாகத் தமிழ்க் குடும்பங்கள் வாழ்ந்து வருகின்றன. சாலையில் அரசுத் தமிழ்ப் பள்ளி ஒன்றும் உள்ளது. கேரளத்தின் பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வைத் தமிழ்வழியிலும் எழுதலாம். வீட்டிலும் பாடநூலிலும் தமிழ், தெருவிலும் அலுவலகத்திலும் மலையாளம் என்ற நிலையில் வளரும் மாணவர் ‘சதுரம்’ என்பதன் இரு பொருள்களையும் ஒரே நாளில் எதிர்கொள்ள நேரலாம். ‘ஒரு சதுரத்தின் ஒரு பக்கம் 8 செ.மீ.; அதன் பரப்பளவு யாது?’ என்னும் வினா தமிழில் முழுமையானது. விடை 64 சதுர செ.மீ. சதுரம் என்னும் சொல்லை மட்டும் மாற்றாமல் இதே வினாவை மலையாளத்தில் அமைத்தால் அது குறையுடைய வினாவாகிவிடும். அடுத்துள்ள பக்கத்தின் அளவு தரப்படவில்லை. ‘சதுரத்தின் மூலைவிட்டங்கள் ஒன்றையொன்று செங்குத்தாக வெட்டும்’ என்பது தமிழில் எப்போதும் மெய். மலையாளத்தில் எல்லாச் சதுரத்துக்கும் பொருந்தாது. ‘சதுரத்தின் மூலைவிட்டங்கள் சமம்’ என்பதோ இரு மொழிகளிலும் மெய்யே. குழப்பம் நெடுநாள் வெளிப்படாமல் ஒளிந்திருக்க இடம் தருபவை இத்தகைய பொதுக்கூற்றுகளே.

சொல்லின் பிறப்பு

சதுரம் என்பது வடமொழிச் ‘சதுரச்ர’ என்பதன் திரிபு என்று கொள்வது பொருத்தமாகும். ‘சதுர்’ நான்கு, ‘அச்ர’ முனை அல்லது விளிம்பு. ஆகவே மூலப்பொருள் ‘நான்கு முனையுடையது’ என்பது மட்டுமே. பக்கங்கள் சமமா, கோணங்கள் நேரா என்பனவற்றை அச்சொல் கூறவில்லை. வேள்விமேடை அமைக்கும் முறை கூறும் சுல்ப சூத்திரங்கள் இதனை உணர்ந்தே அடைகொடுத்து வழங்கின: ‘சமசதுரச்ரம்’ என்றால் பக்கம் ஒத்தது, ‘தீர்க்கசதுரச்ரம்’ என்றால் நீண்டது. ஏறத்தாழ 1530இல் ஜ்யேஷ்டதேவர் மலையாளத்தில் எழுதிய ‘யுக்திபாஷா’ என்னும் கணித நூலும் எண்ணின் வர்க்கத்தை விளக்குமிடத்துச் சமசதுரச்ரம் என அடையோடு கூடிய சொல்லையே ஆள்கிறது. இன்றைய மலையாளச் ‘சமசதுரம்’ இம்மரபின் நேர் வாரிசு.

தமிழில் ‘சதுர்’ என்பதன் எண்ணுப்பொருள் வேறு சொற்களில் தெளிவாகவே நின்றது. சதுர்வேதிமங்கலம் என்னும் ஊர்ப்பெயர்க் கூறும், பெயர், பொருள், தொகை, தொடை என நான்கு பகுதிகளாக வீரமாமுனிவர் தொகுத்த ‘சதுரகராதி’யும் காண்க. நான்கு தெருக்கள் கூடுமிடமாகிய சதுக்கம் ‘சதுஷ்க’ என்பதன்வழி வந்தது. வடிவத்தால் எந்தக் கோணத்திலும் தெருக்கள் கூடலாம். ‘சதுரன்’, ‘சதுரப்பாடு’ முதலியன திறமை என்னும் பொருளுடைய வேறொரு வடசொல்லின் வழிவந்தவை. அவற்றை இங்குக் கலத்தல் கூடாது. சதுரம் என்னும் சொல்லிலோ ‘அச்ர’ என்னும் பிற்பகுதி தேய்ந்து மறைந்தது. முனையைக் குறித்த உறுப்பு மறைந்தபின் சொல்லைப் பிரித்துப் பொருள் காண வழியில்லை. பிரிக்கவியலாத சொல், தன்னோடு உடன் வழங்கும் பிற சொற்களின் இடையே தனக்கெனக் கிடைக்கும் இடத்தைப் பற்றிக்கொண்டு நிலைபெறும்.

அடையற்ற சொல் எதனைக் குறிக்கும்?

தமிழில் நீண்ட வடிவத்தைக் குறிக்க ‘நீள்சதுரம்’ என்னும் தொடர் வழங்கியது. உரைநடையில் இன்றும் அருகிக் காணப்படுகிறது. இன்றைய பாடநூல் வரையறையைக் கொண்டு நோக்கினால் இத்தொடர் முரண்பட்டதாகும். நான்கு பக்கமும் சமமான ஒன்று நீண்டிருத்தல் இயலாது. சதுரம் என்பதற்கு ஒருகாலத்தில் ‘நாற்கோண வடிவம்’ என்னும் பரந்த பொருள் இருந்தமைக்கு இதுவே சான்று. இருபதாம் நூற்றாண்டுக் கலைச்சொல்லாக்கம் ‘செவ்வகம்’ என்னும் புதுச்சொல்லைத் தந்தது. செம்மை என்னும் பண்படி செங்கோணம் என்பதிற்போல இங்கும் ‘நேர்மை’ என்னும் பொருளில் நிற்கிறது. நீண்ட வடிவத்துக்குத் தனிச்சொல் கிடைத்தமையால், சதுரம் என்பது சமபக்க வடிவத்துக்கே உரியதாகச் சுருங்கியது.

மலையாளத்தில் இத்தகைய தனிச்சொல் எழவில்லை. தீர்க்கசதுரம், சமசதுரம் என்னும் இரண்டுமே அடையுடன் வழங்கின. அடையற்ற ‘சதுரம்’ உரிமையாளர் இல்லாத நிலம்போல் கிடந்தது. பள்ளிக் கணிதம் அதனைச் செங்கோண நாற்கரம் என்னும் பொதுவகைக்கு உரியதாக்கியது.

இவ்விரு போக்குகளில் தமிழின் போக்கு உலகில் புதியது அன்று. கிரேக்க மொழியில் ‘தெத்ராகோனோன்’ என்பதன் சொற்பொருள் நாற்கோணம் என்பதே. ஆயின் கி.மு. 300 அளவில் யூக்ளிட் இயற்றிய ‘எலிமெண்ட்ஸ்’ நூலின் முதற்பகுதி வரையறைகளில் அச்சொல் சமபக்கச் செங்கோண நாற்கரத்தை மட்டுமே குறிக்கிறது. நீண்ட வடிவத்துக்கு அங்கு வேறு சொல் உண்டு. ஆங்கிலத்து ‘ஸ்கொயர்’ இரண்டு கூறுகளையும் விடாமல் பற்றியுள்ளது. வடிவப்பெயராக அது சமபக்கத்தைக் குறிக்கும். தச்சர் கருவியின் பெயராக அது செங்கோணத்தை மட்டுமே குறிக்கும். தமிழ்க் கொத்தரும் தச்சரும் அக்கருவியை மூலைமட்டம் என்பர். கைவினைஞர் தமிழில் செங்கோணம் ‘மட்டம்’ என்னும் சொல்லுக்கு உரியது; சதுரத்துக்கு அதில் பங்கில்லை. கேரளப் பாடநூல்கள் இந்த மட்டத்தைக் கலைச்சொல்லாகவே ஏற்று, செங்கோண முக்கோணத்தை ‘மட்டத்ரிகோணம்’ என்று வழங்குவது பாராட்டத்தக்கது.

பொருட்கூறுகளாகப் பகுத்து நோக்கின் வேறுபாடு மேலும் தெளிவாகும். நாற்பக்கம், செங்கோணம், சமபக்கம் என்பன மூன்று கூறுகள். மலையாளச் சதுரம் முதலிரண்டையும் கொண்டது. மூன்றாவதைச் ‘சம’ என்னும் அடை சேர்த்துப் பெறும். தமிழ்ச் சதுரம் மூன்றையும் கொண்டது. இம்மூன்றனுள் தமிழர் மனத்தில் ஓங்கி நிற்பது சமபக்கமே என்பதற்குச் ‘சாய்சதுரம்’ என்னும் கலைச்சொல் சான்று. நான்கு பக்கமும் சமமாக இருந்து கோணம் மட்டும் சாய்ந்த உருவத்தைத் தமிழகமும் இலங்கையும் இப்பெயராலேயே குறிக்கின்றன. செங்கோணம் போனபின்னும் சதுரம் என்னும் பெயர் போகவில்லை. மலையாளம் இதே உருவத்தைச் ‘சமபுஜ சாமாந்தரிகம்’, அதாவது சமபக்க இணைகரம் என்கிறது. அங்குச் செங்கோணம் இல்லாத ஒன்றைச் சதுரம் என்று அழைக்க வழியே இல்லை.

கற்பித்தல் நோக்கில் எது சிறந்தது என்னும் வினா எழலாம். மலையாளப் பெயர்களில் வகைமுறை பெயரிலேயே வெளிப்படுகிறது: சமசதுரம் சதுரத்தின் ஒருவகை என்பதைச் சொல்லே கூறிவிடும். தமிழாசிரியர் ‘சதுரமும் ஒரு செவ்வகமே’ என்பதை ஒவ்வோர் ஆண்டும் தனியே விளக்க வேண்டியுள்ளது. சொற்கள் இரண்டும் உறவின்றி நிற்பதால் மாணவர் அவற்றை எதிரெதிர் வடிவங்களாகவே கருதிவிடுகின்றனர். சாய்சதுரம் என்பதோ தலைகீழான வகைமுறையைக் காட்டுகிறது. சொல்லமைப்பின்படி அது சதுரத்தின் ஒருவகைபோல் தோன்றும். கணிதத்தின்படி சதுரமே சாய்சதுரத்தின் ஒருவகை. இவ்வகையில் மலையாளக் கலைச்சொல் தொகுதி தெளிவு மிக்கது என்பதை ஒப்புக்கொள்ளவேண்டும். எனினும் செவ்வகம், இணைகரம், சரிவகம், நாற்கரம் எனத் தமிழ் பெற்றுள்ள சுருக்கமும் எளிமையும் ‘சமபுஜ சாமாந்தரிகம்’ போன்ற தொடர்களில் இல்லை.

பெயரடையாகும்போது

மகர ஈற்றுப் பெயர்கள் ஈறு கெட்டுப் பெயரடையாவது தமிழில் இயல்பு: வட்டம், வட்டக்கல்; சதுரம், சதுரக்கல். ‘ஆன’ சேர்ந்து சதுரமான என்றும் வரும். ஆனால் ‘சதுர’ என்பதற்கு இரு பணிகள் உள்ளன. ஒன்று வடிவம் உணர்த்தல்; மற்றொன்று பரப்பலகு அமைத்தல். சதுர மேசை என்பதைச் சதுரமான மேசை என்று விரிக்கலாம். சதுர அடி என்பதைச் ‘சதுரமான அடி’ என்று விரிக்க இயலாது. அச்சுவழக்கும் இவ்வேறுபாட்டை ஓரளவு காட்டுகிறது. சதுரக் கட்டம், சதுரப் பலகை என வல்லினம் மிகுத்து எழுதும் இதழ்களே ‘சதுர கிலோமீட்டர்’ என மிகாமல் அச்சிடுவதைப் பரவலாகக் காணலாம். இதனை எழுத்துப்பிழை என்று தள்ளுவதைவிட, அலகுப் பெயரில் இச்சொல் அடையின் தன்மை இழந்து குறியீட்டின் தன்மை பெற்றுவருகிறது எனக் கொள்வதே சரியாகும்.

சொல்வரிசை மாறினால் அளவும் மாறும். ‘10 சதுர அடி’ என்பது பரப்பு. ‘10 அடிச் சதுரம்’ என்பது பக்கம் 10 அடியுள்ள வடிவம். அதன் பரப்பு 100 சதுர அடி. தமிழ்நாட்டுக் கட்டட வேலையில் ‘ஒரு சதுரம்’ என்றாலே 100 சதுர அடி என்று பொருள்படுவது இதனாலேயே. எட்டுச் சதுரம் வீடு என்பது 800 சதுர அடி வீடு. அதன் அமைப்பு எவ்வடிவமாகவும் இருக்கலாம். கன்னியாகுமரி மாவட்டத்திலிருந்து திருவனந்தபுரம் வந்து வேலை செய்யும் கொத்தரின் வாயில் இச்சொல் பாடநூற் பொருள் இரண்டினும் வேறான மூன்றாம் பொருள் பெறுகிறது.

பொதுவழக்கில் ‘சதுர’ என்னும் அடை இன்னும் நெகிழ்ந்தது. சதுர முகம் என்போர் பக்கங்களை அளப்பதில்லை. வட்டமாக இல்லை என்பதே கருத்து. சதுரக்கள்ளியின் தண்டில் மூன்று முதல் ஐந்து வரை விளிம்புகள் உண்டு. அங்குச் ‘சதுர’ என்பது விளிம்புடைமையை மட்டும் சுட்டுகிறது. மலையாளத்திலும் வட்ட ஸ்ரீகோவிலுக்கு எதிராகச் சதுர ஸ்ரீகோவில் என்று கூறும்போது இதே பழைய பரந்த பொருள் தலைகாட்டுகிறது.

மலையாளம் பரப்பலகுக்குச் சதுரம் என்னும் குறுகிய வடிவை ஆள்வதில்லை. ‘சதுரச்ர அடி’, ‘சதுரச்ர மீட்டர்’ என முழுவடிவையே ஆள்கிறது. செவ்வகம் எனப் பொருள்படும் சொல்லை அலகில் வைத்தால் நேரும் குழப்பத்தை அம்மொழி இவ்வாறு தவிர்த்துக்கொண்டது. எண்ணின் இருமடிக்கு ‘வர்க்கம்’ என்னும் சொல்லை இரு மொழிகளும் ஒருபடித்தாகவே வழங்குகின்றன. ஆங்கிலம் ஒரே சொல்லால் குறிக்கும் மூன்று பொருள்களுக்கு மலையாளத்தில் மூன்று வடிவங்களும் தமிழில் இரண்டும் உள்ளன.

மொழிபெயர்ப்பில் கருதத்தக்கன

மலையாளத்திலிருந்து தமிழுக்குப் பாடநூலோ வினாத்தாளோ பெயர்ப்பவர், சொல்லின் உருவத்தைப் பார்க்காமல் வரையறையைப் பார்க்கவேண்டும். சதுரம் செவ்வகமாகவும், சமசதுரம் சதுரமாகவும் மாறவேண்டும். கனவுருவங்களில் கவனம் இன்னும் மிகுதியாகத் தேவைப்படும். மலையாளத்துச் ‘சதுரக்கட்ட’ தமிழில் கனச்செவ்வகம், ‘சமசதுரக்கட்ட’ கனச்சதுரம். ‘சமசதுர ஸ்தூபிக’ என்பதில் அடிப்பக்கம் மட்டுமே தமிழ்ச் சதுரம், பக்கமுகங்கள் முக்கோணங்கள். ‘சதுரச்ர’ என வருமிடத்தில் மட்டும் தமிழில் ‘சதுர’ என்றே விடலாம்.

தமிழ்நூலில் சமசதுரம் என்று எழுதுவது பிழையன்று. ஆயின் அடை மிகையானது. அவ்வடையை ஒருமுறை ஏற்றுக்கொண்டால், அடையற்ற சதுரம் வேறொன்றைக் குறிக்கும் போலும் என்னும் ஐயம் மாணவர்க்கு எழும். கேரளத் தமிழ்மாணவர்க்கு அவ்வையம் கற்பனையும் அன்று. ஆகவே கேரளத் தமிழ்ப் பாடநூலில் தமிழ்க் கலைச்சொல்லையே சீராக ஆண்டு, நாற்கரங்களைப் பற்றிய பாடத்தின் தொடக்கத்தில் மலையாள வழக்கை ஒரு குறிப்பாகத் தருவது ஏற்புடையது. பத்தாம் வகுப்புக்குப் பின் மலையாளம் வழங்கும் வகுப்பறைக்கோ தொழிற்கூடத்துக்கோ செல்லும் மாணவருக்கு ‘இங்குச் சதுரம் என்றால் செவ்வகம்’ என்னும் இரண்டு வரிக் குறிப்பு, அறுத்த பலகையோ வரைந்த படமோ வீணாகாமல் காக்கும்.