ஒரு செங்கல் சுவரும் 3 மீட்டர் அலையும்

செங்கல்பட்டிலிருந்து மாமல்லபுரம் போகும்போதெல்லாம் புலிக்குகை வரைக்கும் ஒரு நடை போயிட்டு வருவேன். 2004 டிசம்பர் 26 சுனாமி மண்ணை அரித்துப்போன பிறகு, அங்கே சாளுவன்குப்பத்தில் ஒரு பாறையில் கல்வெட்டுகள் வெளியே தெரிந்தன. தொல்லியல் துறை தோண்ட, முருகன் கோயில் கிடைத்தது. கீழே பழைய செங்கல் கட்டுமானம், அதற்கு மேலே பல்லவர் காலக் கற்கோயில். கடல்தான் அதை அழித்ததா? முழு விடை என்னிடம் இல்லை. ஆனால் ஒரு செங்கல் சுவரை அலை எவ்வளவு விசையோடு தள்ளும் என்பதை லேப்டாப்பிலேயே பார்க்கலாம். ஃப்ரீகேட், அதற்குள் சிஎஃப்டிஓஎஃப், கணக்குப் போட ஓபன்ஃபோம். மூணுமே இலவசம்.

முதலில் எல்லாரும் சறுக்குற இடம்: நாம் வரைய வேண்டியது சுவரை அல்ல, தண்ணீரும் காற்றும் இருக்கும் இடத்தை. 60 × 30 × 10 மீட்டர் பெட்டி, அதிலிருந்து 2 மீட்டர் கனசதுரத்தை வெட்டி எடுத்துடணும். மிச்சம் இருப்பதுதான் களம். தரையும் கனசதுரமும் சுவர், மேல்பக்கம் திறந்த எல்லை. ஒரு முனையில் 20 மீட்டர் நீளத்துக்கு 3 மீட்டர் உயரத் தண்ணீரை நிறுத்தி, சட்டென்று விட்டுவிடுகிறோம். அணை உடைந்த மாதிரி.

அரை மீட்டர் கட்டம் என்றால் 1,44,000 கட்டங்கள். கட்டத்தைப் பாதியாக்கினால் எட்டு மடங்கு; நேர அடியும் பாதியாகணும், ஆக வேலை 16 மடங்கு. அதனால் தரையை ஒட்டி மட்டும் நெருக்கமாகப் போட்டேன்.

என் முதல் ஓட்டத்தில் விசை கிட்டத்தட்ட பூஜ்யம். 'கோயில் தப்பிச்சுது'ன்னு எழுதவே உட்கார்ந்துட்டேன்! ஃப்ரீகேட் வெறும் எண்ணை மில்லிமீட்டராக எடுத்துக்கொள்ளும். என் அலை 3 மி.மீ. உயரம். மென்பொருள் ஒரு எச்சரிக்கைகூடக் காட்டவில்லை.

அதனால் இப்போ கனசதுரம் இல்லாமல் ஒருமுறை ஓட்டிப் பார்த்துடுவேன். உராய்வில்லாத அணை உடைப்புக்கு ரிட்டர் 1892-லேயே விடை தந்திருக்கிறார்: அணை இருந்த இடத்தில் ஆழம் 4/9 பங்கு, அதாவது 1.33 மீட்டர், வேகம் நொடிக்குச் சுமார் 3.6 மீட்டர். முதல் சில நொடிகளில் இதற்குப் பக்கத்தில் வராவிட்டால் அமைப்பில் தப்பு இருக்கு. கைக்கணக்கும் ஒன்று வச்சுக்கலாம்: நொடிக்கு 5 மீட்டர் வேகத்தில் வரும் கடல்நீரின் இயக்க அழுத்தம் சதுர மீட்டருக்கு ஏறக்குறைய 1.3 டன் எடைக்குச் சமம்.

ஒரு பெரிய ஓட்டை இன்னும் இருக்கு. என் தரை அசையாத சுவர். சாளுவன்குப்பத்தில் சுற்றிலும் மணல். அலை சுவரைத் தள்ளுமுன் அடியில் இருக்கும் மணலை அரித்துவிட்டால், இந்த விசைக் கணக்குக்கு அங்கே வேலையே இல்லை.