வாடகைக் கார் காப்பீடு: வணிகக் கடன் அட்டை எதைக் காக்கும், எதைக் காக்காது?

அமெரிக்காவில் தொழில் நிமித்தமாக ஊர் ஊராகச் செல்பவர்களுக்கு இந்தக் காட்சி பழக்கமானதுதான். விமானத்தை விட்டு இறங்கி, பெட்டியை இழுத்துக்கொண்டு வாடகைக் கார் கவுண்டருக்கு வருகிறோம். சாவியைக் கையில் கொடுக்கும் முன் ஊழியர், "இன்சூரன்ஸ் எடுத்துக்கொள்கிறீர்களா?" என்று கேட்கிறார். பயணக் களைப்பு ஒருபுறம், பின்னால் நீளும் வரிசை மறுபுறம். சிலர் பயந்துபோய் அவர் காட்டிய எல்லாவற்றுக்கும் தலையாட்டி விடுகிறார்கள். வேறு சிலர், "என் பிசினஸ் கார்டிலேயே இன்சூரன்ஸ் இருக்கிறது" என்று சொல்லி எல்லாவற்றையும் மறுத்துவிட்டு வண்டியை எடுக்கிறார்கள்.

முதல் தரப்பினருக்குப் பண விரயம். இரண்டாம் தரப்பினருக்குக் காத்திருக்கும் ஆபத்து அதைவிடப் பெரியது. ஏனெனில், வணிகக் கடன் அட்டைகள் தரும் காப்பு வாடகைக் காரை மட்டுமே காக்கும். அந்தக் கார் யார் மீதாவது மோதிவிட்டால், அடிபட்டவருக்கு அந்த அட்டை ஒரு டாலர் கூடத் தராது. இந்த வேறுபாட்டைத்தான் இக்கட்டுரையில் நாம் விளங்கிக்கொள்ளப் போகிறோம்.

கவுண்டரில் விற்பது என்னென்ன?

'இன்சூரன்ஸ்' என்று ஒரே சொல்லில் சொன்னாலும், அங்கே விற்கப்படுபவை பொதுவாக நான்கு தனித்தனிப் பொருட்கள்.

முதலாவது, சேதப் பொறுப்பு விலக்கு. சி.டி.டபிள்யூ. அல்லது எல்.டி.டபிள்யூ. என்று ஒப்பந்தத்தில் இருக்கும். வாடகைக் கார் சேதமடைந்தாலோ திருடு போனாலோ உங்களிடம் பணம் கேட்க மாட்டோம் என்று வாடகை நிறுவனம் தரும் வாக்குறுதி இது. ஊருக்கும் வண்டிக்கும் ஏற்ப நாளொன்றுக்கு 15 முதல் 30 டாலர் வரை, சில வேளைகளில் அதற்கு மேலும் ஆகும். ஐந்து நாள் பயணத்தில் இது மட்டுமே 100 டாலரைத் தாண்டிவிடலாம்.

இரண்டாவது, கூடுதல் பொறுப்புக் காப்பீடு. நம் தவறால் பிறர் காயமடைந்தாலோ பிறரின் வண்டி, சுவர், கடை சேதமடைந்தாலோ அதற்கான இழப்பீட்டைத் தருவது இது.

மூன்றாவது, காருக்குள் இருப்பவர்களின் காயங்களுக்கான விபத்துக் காப்பீடு. நான்காவது, காரில் வைத்த மடிக்கணினி, பெட்டி போன்ற உடைமைகளுக்கான காப்பீடு.

கடன் அட்டை தரும் சலுகை, இந்த நான்கில் முதலாவதற்கு மட்டுமே மாற்று. இதை மனதில் நன்றாகப் பதிய வைத்துக்கொள்ள வேண்டும்.

அட்டை தருவது என்ன?

வாடகைக் கார் மோதிச் சேதமடைந்தால் பழுதுபார்க்கும் செலவு, திருடு போனால் வண்டியின் மதிப்பு, அருகிலுள்ள பட்டறைக்கு இழுத்துச் செல்லும் செலவு ஆகியவற்றை அட்டையின் காப்பு ஏற்கும். வண்டி பட்டறையில் நிற்கும் நாட்களில் தமக்கு வருமானம் போனது என்று வாடகை நிறுவனம் கேட்கும் தொகையையும் பல அட்டைகள் தருகின்றன. ஆனால், அந்த நாட்களில் வண்டிக்கு உண்மையிலேயே தேவை இருந்தது என்பதைத் தம் பதிவேடுகளைக் காட்டி அந்நிறுவனம் நிரூபிக்க வேண்டும்.

இந்தக் காப்பில் இரு வகை உண்டு.

ஒன்று, முதன்மைக் காப்பு. விபத்து நடந்தால் நம் சொந்தக் காரின் இன்சூரன்ஸ் நிறுவனத்திடம் போகத் தேவையில்லை. அட்டையின் காப்பே முதலில் முன்வந்து பணம் தரும். நம் சொந்த பாலிசியின் பிரீமியம் இதனால் உயராது.

மற்றொன்று, இரண்டாம் நிலைக் காப்பு. முதலில் நம் சொந்த இன்சூரன்ஸில் கோர வேண்டும். அது தராத மீதியை, குறிப்பாக நாம் கையிலிருந்து கட்ட வேண்டிய 'டிடக்டிபிள்' தொகையை, அட்டை தரும். சொந்தக் காரோ பாலிசியோ இல்லாதவருக்கு இந்த இரண்டாம் நிலைக் காப்பே நடைமுறையில் முதன்மைக் காப்பு போல வேலை செய்யும்.

சேஸ் வங்கியின் 'இங்க்' வரிசை வணிக அட்டைகளில், வணிகத் தேவைக்காக எடுக்கும் வாடகைக் காருக்கு முதன்மைக் காப்பு தரப்படுகிறது. அமெரிக்கன் எக்ஸ்பிரஸ் அட்டைகளில் இயல்பாகக் கிடைப்பது இரண்டாம் நிலைக் காப்பே. முதன்மைக் காப்பு வேண்டுவோர் அந்நிறுவனத்தின் தனித் திட்டத்தில் முன்கூட்டியே சேர்ந்துகொள்ளலாம். அதற்கான கட்டணம் நாள் கணக்கில் அல்லாமல், ஒரு வாடகைக்கு இவ்வளவு என்று இருப்பதால் நீண்ட பயணங்களில் கவுண்டர் விலையைவிடக் குறைவாக இருக்கும்.

இந்தச் சலுகைகள் நிரந்தரமானவை அல்ல. 2019 செப்டம்பரில் சிட்டி வங்கி தனது பெரும்பாலான அட்டைகளிலிருந்து இந்தக் காப்பை நீக்கிவிட்டது. எனவே, "போன வருடம் இருந்ததே" என்ற நம்பிக்கையில் பயணம் செய்யாமல், அட்டையின் சலுகைக் கையேட்டை ஒவ்வோர் ஆண்டும் ஒருமுறை வாசிப்பது நல்லது.

'வணிகத் தேவை' என்றால் வணிகத் தேவைதான்

வணிக அட்டையின் முதன்மைக் காப்பு வணிகப் பயணத்துக்கு உரியது. சரக்கு வாங்கவோ, வாடிக்கையாளரைச் சந்திக்கவோ, தொழில் கண்காட்சிக்கோ சென்றால் அது பொருந்தும். பிள்ளைகளின் விடுமுறைக்குக் குடும்பத்துடன் சென்றால் அதே அட்டையில் அமெரிக்காவுக்குள் இரண்டாம் நிலைக் காப்பு மட்டுமே கிடைக்கக்கூடும்; சில அட்டைகளில் அதுவும் கிடைக்காமல் போகலாம்.

"வணிகம் என்று சொல்லிவிட்டால் போயிற்று, யார் பார்க்கப் போகிறார்கள்?" என்று சிலர் நினைக்கலாம். இழப்பீடு கோரும்போது பயணத்தின் நோக்கத்துக்கு ஆதாரம் கேட்க அவர்களுக்கு உரிமை உண்டு. பொய் வெளிப்பட்டால் காப்பு மறுக்கப்படும், மோசடியாகவும் கருதப்படலாம். அதற்கும் முன்பாக, ஒப்பந்தத்தில் பொய் சொல்லிப் பெறும் பணம் நமக்கு ஹலாலாகுமா என்ற கேள்வியை நாமே நம்மிடம் கேட்டுக்கொள்ள வேண்டும்.

காப்பு செல்லாமல் போகும் இடங்கள்

கோரிக்கைகள் நிராகரிக்கப்படுவது பெரும்பாலும் சின்னச் சின்ன நிபந்தனைகளைக் கவனிக்காமல் விடுவதால்தான். முக்கியமானவற்றைப் பார்ப்போம்.

• கவுண்டரில் வாடகை நிறுவனத்தின் சேதப் பொறுப்பு விலக்கை நாம் மறுத்திருக்க வேண்டும். அதை வாங்கிவிட்டால் அட்டையின் காப்பு செயல்படாது.

• வாடகை முழுவதும் அதே அட்டையில் கட்டப்பட வேண்டும். பாதியை டெபிட் கார்டிலும் பாதியைக் கடன் அட்டையிலும் கட்டுவது சிக்கலைத் தேடிக்கொள்வதாகும்.

• அட்டைக்கு உரியவரின் பெயரே ஒப்பந்தத்தில் முதன்மை வாடகையாளராக இருக்க வேண்டும். ஓட்டுபவர் அனைவரின் பெயரும் ஒப்பந்தத்தில் சேர்க்கப்பட்டிருக்க வேண்டும். இரவில் கண் சொக்குகிறது என்று, பெயர் சேர்க்காத மகனிடமோ தம்பியிடமோ சாவியைக் கொடுத்து, அப்போது விபத்து நடந்தால் காப்பு கிடைக்காது.

• எல்லா வண்டிகளுக்கும் காப்பு இல்லை. விலையுயர்ந்த சொகுசுக் கார்கள், பழமையான கார்கள், சரக்கு ஏற்றும் டிரக்குகள், மோட்டார் சைக்கிள்கள் ஆகியவை பொதுவாக விலக்கப்பட்டவை. பல அட்டைகளில் ஒன்பது பேருக்கு மேல் அமரும் வேன்களுக்கும் காப்பு இல்லை. நிக்காஹ் விருந்துக்கு இரு குடும்பங்களும் சேர்ந்து 12 அல்லது 15 பேர் அமரும் வேனை எடுக்கும்போது இதைக் கட்டாயம் கவனிக்க வேண்டும்.

• தனிநபர்கள் தம் கார்களைச் செயலி வழியாக வாடகைக்கு விடும் சேவைகளைப் பெரும்பாலான அட்டைகள் ஏற்பதில்லை. வாடகைக் காரை எடுத்து அதில் கட்டணத்துக்குப் பயணிகளை ஏற்றினாலும் காப்பு போய்விடும்.

• வாடகை நாட்களுக்கு வரம்பு உண்டு. சேஸ் அட்டைகளில் தொடர்ச்சியாக 31 நாட்கள், அமெரிக்கன் எக்ஸ்பிரஸில் 30 நாட்கள். இந்த வரம்பைத் தாண்டும் வாடகைக்குக் காப்பு முழுவதுமே கிடைக்காமல் போகலாம்.

• சில நாடுகள் விலக்கப்பட்டிருக்கும். அமெரிக்கன் எக்ஸ்பிரஸ் அட்டைகளின் இயல்பான காப்பு ஆஸ்திரேலியா, இத்தாலி, நியூசிலாந்து ஆகிய நாடுகளில் செல்லாது. உம்ராவுக்குச் சென்று ஜித்தாவில் கார் எடுத்து மதீனா வரை ஓட்டிச் செல்ல எண்ணுபவர்கள், சவூதி அரேபியாவில் காப்பு உண்டா என்பதைப் புறப்படும் முன்பே அட்டை நிறுவனத்திடம் எழுத்து மூலம் கேட்டு உறுதி செய்துகொள்வது நல்லது.

அடிபட்டவருக்கு யார் பொறுப்பு?

இதுவே இக்கட்டுரையின் முக்கியமான பகுதி.

தொழில் விஷயமாகச் சென்றவர், இரவில் தெரியாத ஊரில் சிவப்பு விளக்கைக் கவனிக்காமல் சென்று இன்னொரு வண்டியில் மோதிவிடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். அவரது வாடகைக் காரின் சேதத்தை அட்டை ஏற்றுக்கொள்ளும். ஆனால், எதிர் வண்டியில் இருந்த தாயின் கால் முறிந்திருக்கிறது. அமெரிக்காவில் அறுவை சிகிச்சைக்கும் மருத்துவமனையில் தங்குவதற்கும் ஆகும் செலவு நாம் அறிந்ததே. அதை யார் தருவது?

கார் எங்களுடையது என்பதற்காக நாங்கள் பொறுப்பேற்க வேண்டியதில்லை என்று வாடகை நிறுவனம் கூறலாம். 2005-இல் இயற்றப்பட்ட 'கிரேவ்ஸ் திருத்தம்' என்ற கூட்டாட்சிச் சட்டம், நிறுவனத்தின் சொந்தத் தவறு எதுவும் இல்லாதபோது அதற்கு இந்தப் பாதுகாப்பைத் தருகிறது. மாநிலச் சட்டம் கோரும் குறைந்தபட்சப் பொறுப்புக் காப்பீடு மட்டும் இருந்தால் அந்தத் தொகை மிகச் சிறியது. கலிஃபோர்னியாவில் அது ஒருவருக்குக் காயம் ஏற்பட்டால் 15,000 டாலர் என்று பல்லாண்டுகளாக இருந்து, 2025 ஜனவரி முதல்தான் 30,000 டாலராக உயர்ந்தது. டெக்சாஸிலும் ஒருவருக்கு 30,000 டாலரே. பெரிய காயத்துக்கு இது எந்த மூலைக்கும் காணாது. மீதியை ஓட்டியவரின் சேமிப்பிலிருந்தும், சில வேளைகளில் அவரது தொழிலிலிருந்தும் வழக்குத் தொடுத்து வசூலிப்பார்கள்.

ஆகவே பயணத்துக்கு முன் நாம் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்விகள் இவை.

சொந்தக் கார் வைத்திருப்பவர்: என் பாலிசியின் பொறுப்புக் காப்பீடு வாடகைக் காருக்கும் பொருந்துமா? வணிகப் பயணத்துக்கும் பொருந்துமா? பெரும்பாலான தனிநபர் பாலிசிகள் வாடகைக் காருக்கும் நீளும். ஆனால், வணிகப் பயன்பாட்டில் சில பாலிசிகள் கட்டுப்பாடு விதிக்கின்றன. முகவரிடம் ஒரு தொலைபேசி அழைப்பில் தெரிந்துகொள்ளலாம்.

கடை அல்லது நிறுவனம் நடத்துபவர்: நிறுவனத்தின் வணிகக் காப்பீட்டில், வாடகைக்கு எடுக்கும் வண்டிகளுக்கும் ஊழியர்களின் சொந்த வண்டிகளுக்குமான பொறுப்புக் காப்பு சேர்க்கப்பட்டிருக்கிறதா? ஊழியரை வாடகைக் காரில் அனுப்பும் முதலாளி இதைக் கட்டாயம் பார்க்க வேண்டும்.

நியூயார்க் போன்ற நகரில் சொந்தக் கார் இல்லாமல் வாழ்பவர்: இவருக்குப் பொறுப்புக் காப்பீடு எதுவும் இல்லாமல் இருக்க வாய்ப்பு அதிகம். கவுண்டரில் கூடுதல் பொறுப்புக் காப்பீட்டை வாங்குவது இவருக்கு வீண் செலவல்ல. அல்லது, சொந்தக் கார் இல்லாத ஓட்டுநர்களுக்கென உள்ள பாலிசியை எடுத்துக்கொள்ளலாம்.

வணிகமுறைக் காப்பீடு குறித்து மார்க்க அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு இருப்பதை நாம் அறிவோம். அந்த விவாதத்துக்குள் நாம் இங்கே செல்லவில்லை. வாகனம் ஓட்டுபவர் பிறருக்கு ஏற்படுத்தும் இழப்பை ஈடுசெய்ய வழி வைத்திருக்க வேண்டும் என்பது சட்டத்தின் கட்டளை. நம் கவனக்குறைவால் அடிபட்டவரின் உரிமை நம் மீது கடனாக நிற்கும் என்பதில் நமக்கு ஐயமில்லை. அந்தக் கடனைத் தீர்க்க வழியில்லாத நிலையில் சாலையில் இறங்கக் கூடாது.

விபத்து நடந்துவிட்டால்

முதலில் மனிதர்களைக் கவனியுங்கள், 911-ஐ அழையுங்கள். பிறகு இரு வண்டிகளையும் இடத்தையும் படம் எடுங்கள். காவல்துறை அறிக்கையைப் பெறுங்கள். வாடகை நிறுவனத்துக்கும், அட்டையின் காப்பை நிர்வகிக்கும் நிறுவனத்துக்கும் தாமதமின்றித் தெரிவியுங்கள். தெரிவிப்பதற்கும் ஆவணங்கள் அனுப்புவதற்கும் கையேட்டில் கெடு குறிப்பிடப்பட்டிருக்கும். அதைத் தவறவிட்டால் நியாயமான கோரிக்கையும் நிராகரிக்கப்படும்.

வாடகை ஒப்பந்தத்தின் தொடக்க, இறுதி நகல்கள், வாடகையைக் காட்டும் அட்டை அறிக்கை, விபத்து அறிக்கை, பழுது மதிப்பீடு, வாடகை நிறுவனம் பணம் கேட்டு அனுப்பிய கடிதம் ஆகியவை தேவைப்படும். வணிகப் பயணம் என்பதற்கான கடிதமோ கண்காட்சிச் சீட்டோ இருந்தால் அதையும் சேர்த்து வையுங்கள்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். வாடகை நிறுவனம் சேதத் தொகையை நம் அட்டையிலேயே எடுத்துவிடலாம். காப்புப் பணம் வந்துசேர வாரக்கணக்கில் ஆகும். அதற்குள் அட்டையின் கட்டணக் கெடு வந்துவிடும். அந்தத் தொகையைக் கெடுவுக்குள் கட்டவில்லை என்றால் வட்டி ஏறத் தொடங்கும். வட்டியிலிருந்து விலகி நிற்க விரும்பும் நாம், இப்படிப்பட்ட நேரத்துக்கென ஒரு தொகையைத் தனியே ஒதுக்கி வைப்பது அவசியம்.

அடுத்த முறை கவுண்டரில் "இன்சூரன்ஸ் வேண்டுமா?" என்று கேட்கும்போது, பதிலை இரண்டாகப் பிரித்துச் சொல்வோம். காருக்கான காப்பு அட்டையில் இருக்கிறது என்று உறுதி செய்திருந்தால் அதை மறுத்துவிடலாம். பிற மனிதர்களுக்கான காப்பு நம்மிடம் ஏற்கெனவே இருக்கிறது என்று உறுதியாகத் தெரிந்தால் மட்டுமே அதையும் மறுக்கலாம். இந்த உறுதியைத் தேடிக்கொள்ள வீட்டில் அரை மணி நேரம் போதும். கவுண்டரில் அதற்கு அவகாசம் கிடைக்காது.

அனைவரின் பயணங்களையும் அல்லாஹ் பாதுகாப்பானதாக ஆக்குவானாக!