யாரும் காணாத நூல். ஊரெல்லாம் வாழும் பெயர்!

ஜனக்புரி டி பிளாக்கிற்கு எதிரே, வரிசையாக நிறுவனங்கள் உள்ள பகுதியில், மத்திய ஆயுர்வேத ஆராய்ச்சிக் கவுன்சிலின் தலைமையகம் இருக்கிறது. அவ்வழியே அன்றாடம் ஆபீஸ் போய்வரும் நம்மவர்களில் பலர் ஒரு செய்தியை அறிந்திருக்க மாட்டார்கள். 1978-இல் ஏற்பட்ட அந்தக் கவுன்சிலின் பெயரில் ஆயுர்வேதத்துடன் சித்த மருத்துவமும் சேர்ந்தே இருந்தது. 2010-இல்தான் சித்த மருத்துவத்துக்கெனச் சென்னையில் தனிக் கவுன்சில் பிரிந்தது.

சித்த மருத்துவம் என்றால் அகத்தியர் பெயர் வராமல் இராது. அவர் பிறந்த நாளாகக் கருதப்படும் மார்கழி ஆயில்யத்தையே மத்திய அரசு சித்த மருத்துவ நாளாகக் கொண்டாடுகிறது. அகத்தியர் என்றதும் பெரியவர்கள் ஒரு நூலையும் சேர்த்துச் சொல்வார்கள். அதுதான் 'அகத்தியம்'. தமிழுக்கு முதல் இலக்கணம் என்பார்கள். அந்த ஏட்டை இன்று வைத்திருப்பவர் எவரும் இல்லை.

உரையில் வந்த கதை

அகத்தியத்தைப் பற்றி நாம் பேசுவதற்கு முக்கிய ஆதாரம் இறையனார் களவியலுக்கு எழுந்த உரை. முதற்சங்கம் 4,440 ஆண்டுகள் நடந்தது, அதில் 549 பேர் இருந்தார்கள், 4,449 புலவர்கள் பாடினார்கள், அவர்களுக்கு இலக்கணம் அகத்தியம் என்று அவ்வுரை கணக்கு ஒப்பிக்கிறது. பின்னர் கடல்கோள். எத்தனையோ நூல்களோடு அகத்தியமும் போயிற்று என்பது நம்பிக்கை.

ஆயினும் இன்று நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய இலக்கணமான தொல்காப்பியம் அகத்தியரைப் பெயர் சொல்லிக் குறிப்பிடவில்லை. அதன் பாயிரமும் அதங்கோட்டாசானைச் சொல்கிறதே தவிர அகத்தியரைச் சொல்லவில்லை. பிற்கால உரையாசிரியர்கள் அகத்தியச் சூத்திரம் என்று சிலவற்றை எடுத்துக்காட்டுகிறார்கள். முழு நூல் மட்டும் கிடைத்தபாடில்லை.

நூல் கிடைக்காவிட்டாலும் பெயர் வளர்ந்தது. பாண்டியர்கள் தங்கள் செப்பேடுகளில் அகத்தியரைக் குலகுருவாகப் போற்றினார்கள். கடல் கடந்தும் அவர் புகழ் பரவியது. கிழக்கு ஜாவாவில் 760-ஆம் ஆண்டைச் சேர்ந்த தினோயோ கல்வெட்டு, ஓர் அரசன் பழைய மரச்சிலைக்குப் பதிலாகக் கருங்கல்லில் அகத்தியர் சிலை நிறுவியதைக் கூறுகிறது. 2025 பிப்ரவரியில் நடந்த காசித் தமிழ்ச் சங்கமத்தின் கருப்பொருளும் அகத்தியரே!

பெயரின் பலமும் பலவீனமும்

இத்தனை மதிப்புள்ள பெயரைப் பின்வந்தவர்கள் சும்மா விடுவார்களா? வைத்தியம், ரசவாதம், மந்திரம், ஜோதிடம் எனப் பல துறைகளில் அகத்தியர் பெயரில் நூல்கள் பெருகின. அகத்தியர் குணவாகடம் என்ற நூலில் பரங்கிப்பட்டையின் குணம் கூறப்படுகிறது. பரங்கியரான வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுக்கு வந்ததோ 1498-இல்! அவர்கள் பெயரைத் தாங்கிய சரக்கைச் சங்க காலத்து முனிவர் பாடியிருக்க முடியுமா?

இதனால் அந்த நூல் பயனற்றது என்று சொல்லிவிடக்கூடாது. பெயர் தெரியாத பல வைத்தியர்கள் தலைமுறை தலைமுறையாகக் கண்டறிந்ததை, தம் பெயரைப் போடாமல் குருவின் பெயரில் எழுதி வைத்தார்கள். அந்தப் பெயருக்கு இருந்த மரியாதையால் ஏடுகள் மீண்டும் மீண்டும் படியெடுக்கப்பட்டன. பனையோலை நன்கு பேணினால் சில நூற்றாண்டுகள் தாங்கும். அதற்குள் படியெடுக்காவிட்டால் செல்லுக்கும் கறையானுக்கும் இரைதான்.

அதே பெயரை வைத்து நடப்பதுதான் நாடி ஜோதிடமும். கட்டைவிரல் ரேகையை வாங்கி, பெயர், பெற்றோர் விவரங்களைக் கேள்விகளால் அறிந்து, 'ஆம், இல்லை' என்ற பதில்களைக் கொண்டு ஏடு தேடுவது அங்குள்ள முறை. முடிவில் சாந்தி, பரிகாரம் என்று ரசீது நீளும். வைத்தீசுவரன்கோயிலில் தொடங்கி டில்லி வரை இதற்குக் கிராக்கி உண்டு. ஊரை விட்டு வந்து, பெண்ணின் கல்யாணம், பிள்ளையின் வேலை என்று கவலைப்படும் குடும்பங்கள்தாம் இதில் ஒரு மாதச் சம்பளத்தை இழக்கின்றன. அகத்தியர் பெயரைக் கேட்டவுடன் கைகூப்பலாம். பர்ஸைத் திறக்குமுன் யோசிப்பது நல்லது.

பரணில் இருக்கும் ஏடு

காணாமற்போன அகத்தியத்துக்காக ஏங்கும் நாம், கண்ணெதிரே இருக்கும் ஏடுகளை என்ன செய்தோம்? உ.வே.சாமிநாதையர் கரிவலம்வந்தநல்லூருக்குச் சுவடி தேடிப் போனபோது, அங்கிருந்த ஏடுகள் நெருப்பில் ஆகுதியாக இடப்பட்ட செய்தி கேட்டு மனம் நொந்தார். ஆடிப்பெருக்கில் ஆற்றோடு போன சுவடிகளும் உண்டு.

பிழைத்தவற்றின் பெருமையையும் பாருங்கள். 1997-இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இந்தியாவிலிருந்து முதன்முதலாக இடம்பெற்றவை, சென்னை ஆசியவியல் நிறுவனத்தில் உள்ள தமிழ் மருத்துவ ஓலைச்சுவடிகளே. வேதங்களுக்கும் முகலாயர் ஏடுகளுக்கும் முன்பாக, நம் நாட்டு வைத்தியர் எழுதிய ஓலைக்குக் கிடைத்த கௌரவம் அது.

சுவடிகளைக் காக்க 2003-இல் தேசிய இயக்கம் தொடங்கப்பட்டது. 2025-26 பட்ஜெட்டில் 'ஞான பாரதம்' என்ற பெயரில் ஒரு கோடிக்கும் மேற்பட்ட சுவடிகளைக் கணக்கெடுத்துப் பேணும் திட்டம் அறிவிக்கப்பட்டது. தமிழ்நாட்டிலோ தஞ்சை சரசுவதி மகால், தமிழ்ப் பல்கலைக்கழகம், சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகம், உ.வே.சா. நூலகம் ஆகியவை இருக்கின்றன.

அடுத்த லீவில் ஜி.டி. எக்ஸ்பிரஸில் ஊருக்குப் போகும்போது, தாத்தா வீட்டுப் பரணை ஒருமுறை ஏறிப் பாருங்கள். ஓலைக்கட்டு இருந்தால் கயிற்றை அவசரப்பட்டு இழுக்க வேண்டாம், ஓலை ஒடிந்துவிடும். தண்ணீர் படாமல் சுத்தமான துணியில் சுற்றி, மேற்சொன்ன நிறுவனம் ஒன்றுக்குத் தகவல் சொல்லுங்கள். அதில் இருப்பது வெறும் நிலக்கணக்காக இருக்கலாம், பாட்டனாரின் கஷாயக் குறிப்பாகவும் இருக்கலாம். அது அகத்தியமாக இருக்கவேண்டிய அவசியமில்லை. படிக்கக்கூடிய நிலையில் இன்று இருக்கிறதே, அதுவே அகத்தியத்துக்குக் கிடைக்காத பாக்கியம்.