காற்றுக்கு வழிவிட்ட கொல்கத்தா வீடுகள்

மே மாதத்தில் கொல்கத்தாவின் பகல் வெப்பம் 36 டிகிரி செல்சியஸை ஒட்டி நிற்கும். சென்னையைப் போலவே அங்கும் வெயிலைவிடப் புழுக்கம்தான் வாட்டும். காற்றில் ஈரம் மிகுந்தால் வியர்வை எளிதில் ஆவியாகாது, உடலும் குளிராது. தோலை ஒட்டித் தேங்கிய ஈரத்தை, வீசும் காற்று அகற்றினால்தான் நிம்மதி. வடக்குக் கொல்கத்தாவின் பழைய வீடுகள் இதை நன்றாக அறிந்து கட்டப்பட்டவை.

முதலில் சன்னல். ‘கொர்கொரி’ என்கிறார்கள். பச்சை வண்ணம் பூசிய கதவில் மெல்லிய மரப்பட்டிகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இருக்கும். அவற்றை இணைக்க நடுவில் ஒரு செங்குத்துக் குச்சி. குச்சியை ஏற்றி இறக்கினால் பட்டிகள் எல்லாம் சேர்ந்து சாயும். வெயிலும் சாரலும் வெளியே நின்றுவிடும், தெருவில் போகிறவருக்கு அறை தெரியாது, காற்று மட்டும் உள்ளே வரும். சுவரின் உச்சியில் ‘குல்குலி’ எனும் சிறு துளைகள். சூடான காற்று அடர்த்தி குறைந்து உயரமான கூரையை நோக்கி எழும்பி அவற்றின் வழியே வெளியேற, முற்றத்து நிழலில் குளிர்ந்த காற்று அந்த இடத்தை நிரப்பும்.

அறைக்குள் இருப்பவையும் இதே கணக்கில் சேர்ந்தவை. இரும்பு ஆக்சைடு கலந்த சிமென்ட்டைத் தேய்த்துப் பளபளப்பாக்கிய சிவப்புத் தரை, ஓரத்தில் கறுப்புக் கரை. சிமென்ட் மரத்தைவிட வேகமாக உடற்சூட்டை இழுப்பதால், அதில் உட்கார்ந்தாலே குளுமை. கட்டிலுக்கு உயரமான கால்கள். அடியிலும் காற்று ஓடும். எது கட்டடக்கலை, எது உள்அலங்காரம் என்று பிரிக்கவே முடியாது.

இன்றைய அடுக்ககங்களில் இரண்டும் தனித்தனி வேலை. காற்று குறுக்கே ஓட எதிரெதிரே வைத்த சன்னல்களில் ஒன்றை, பிறகு வருகிறவர் வார்ட்ரோப் வைத்து மறைத்துவிடுகிறார். ஃபால்ஸ் சீலிங் போட்டதும் கூரை தாழ்ந்து, சூடான காற்று தலைக்கு அருகிலேயே தங்குகிறது. அப்புறம் ஏசி இல்லாமல் அங்கே இருக்க முடிவதில்லை.

கொல்கத்தாவின் பழைய வீடுகள் இடிக்கப்படுவதை எதிர்த்து 2015இல் எழுத்தாளர் அமித் சௌதுரி இயக்கம் தொடங்கினார். பொருளியல் அறிஞர் அமர்த்திய சென்னும் அதை ஆதரித்தார். சௌதுரி வாதாடியது அரண்மனைகளுக்காக அல்ல; நடுத்தர வர்க்கத்தார் வாழ்ந்த சாதாரண வீடுகளுக்காக. மிகச் சரியான வாதம் அது.

வீடு கட்டப்போகிறவர்கள், அஸ்திவாரம் தோண்டும் முன்பே கட்டடக் கலைஞரையும் உள்அலங்கார வடிவமைப்பாளரையும் ஒரே வரைபடத்தின் முன் உட்கார வையுங்கள். கட்டிலும் பீரோவும் எங்கே என்று முடிவானபின் சன்னலைக் குறிக்கச் சொல்லுங்கள்.