வீச்சா, எறிவா?

அமெரிக்க நாட்டிலே பேஸ்போல் என்றோர் ஆட்டம் உண்டு. மண்ணால் மேடுபடுத்திய சிறு திட்டின்மேல் ஒருவன் நின்று, 60 அடி 6 அங்குலத் தொலைவில் நிற்கும் மட்டைக்காரனை நோக்கிப் பந்தை எறிகின்றான். முழங்கையை நன்றாக மடக்கி, சாட்டையைச் சொடுக்குவது போல் ஒரு நொடிக்குள் நிமிர்த்துவதிலேதான் அவன் திறமையெல்லாம் அடங்கியிருக்கிறது. அந்த மடக்கத்துக்கும் நிமிர்வுக்குமாக அந்நாட்டுக் கழகங்கள் கோடிக்கணக்கான டொலர்களைக் கொட்டிக் கொடுக்கின்றன. 2008 ஆம் ஆண்டிலே வட இந்தியாவில் எறியும் வேகம் ஒன்றையே அளந்து பார்க்கும் போட்டியொன்றை அமெரிக்கர் சிலர் நடத்தினர். அதில் முன்னின்ற ரிங்கு சிங், தினேஷ் பட்டேல் என்னும் இளைஞர் இருவரும் ஈட்டி எறிந்து பழகியவர்கள். பேஸ்போலைக் கண்ணாலும் கண்டறியாதவர்கள். அவ்வாண்டு முடிவதற்குள் பிற்ஸ்பேர்க் நகரத்துக் கழகம் அவர்களை ஒப்பந்தம் செய்துகொண்டது.

கடல் கடந்த அவ்வாட்டத்தில் ஊதியம் பெற்றுத்தரும் இதே செயல் கிரிக்கெட்டிலே களவுக்கு அடுத்தபடியான குற்றமாக எண்ணப்படுகிறது. பந்தை வீசலாம், எறிதல் ஆகாது. நம் மொழியும் இவ்விரண்டையும் வேறாகவே வைத்திருக்கிறது. வலையை வீசுகிறோம், காற்று வீசுகிறது, கல்லையும் வேலையும் எறிகிறோம். வீசுதலில் கை முழுவதும் ஒன்றாய்ச் சுழல, எறிதலில் முழங்கை வேலை செய்கிறது. (கிரிக்கெட்டுக்குத் துடுப்பாட்டம் என்று பெயர் சூட்டிய நம்மவர், துடுப்பு ஏந்துபவனை மட்டும் பெயரிலே வைத்துப் பந்துக்காரனை வெளியே நிறுத்திவிட்டனர் என்பதையும் தமிழாசிரியர்கள் ஒருகால் எண்ணிப் பார்க்கலாம்.) வீச்சுக்கும் எறிவுக்கும் இடைப்பட்ட அந்த மயிரிழையிலே பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாக நிறுத்தி வைக்கப்பட்ட ஒரு கையின் வரலாறே இக்கட்டுரையின் பொருள். அந்தக் கை முத்தையா முரளிதரனுடையது.

மஸ்கெலியாவிலிருந்து இதனை எழுதுவதற்குக் காரணம் உண்டு. நம்மூரின் பெயரைத் தாங்கிய கிரிக்கெட் கழகம் ஒன்று பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே தோன்றியது. டிக்கோயா-மஸ்கெலியா கிரிக்கெட் கழகம் என்று அதற்குப் பெயர். தரவளை மைதானம் அதன் இருப்பிடம். ஆனால் அது துரைமார் தமக்கென அமைத்துக்கொண்ட கழகம். மஸ்கெலியா என்ற பெயர் அங்கே இருந்தது. மஸ்கெலியாவிலே கொழுந்து பறித்தவனும் கவ்வாத்து வெட்டியவனும் ஆட்டக்காரராய் அங்கே இருந்ததில்லை. அத்தகைய மலைநாட்டிலே, தோட்டத் தொழிலாளி ஒருவரின் பேரன் உலகத்துப் பந்துவீச்சாளர் அனைவரையும் எண்ணிக்கையில் விஞ்சி நிற்பான் என்று அன்றைய துரைமாரிடம் எவரேனும் சொல்லியிருந்தால் சிரித்திருப்பர்.

பேரன் என்ற சொல்லை அறிந்தே எழுதுகிறேன். முரளிதரன் லயத்திலே பிறந்தவர் அல்லர். 1972 ஏப்ரல் 17 இல் கண்டியிலே பிறந்தார். தந்தையார் சின்னசாமி முத்தையா, குண்டசாலைப் பகுதியிலே பிஸ்கட் தொழிற்சாலை நடத்தியவர். வறுமையிலிருந்து எழுந்த வீரன் என்று மேடைகளில் முழங்குவோர் இதனை மறைத்துவிடுகின்றனர். மறைப்பது அவருக்கும் நன்றன்று, நமக்கும் நன்றன்று. அவருடைய பாட்டனார்தாம் 1920 ஆம் ஆண்டிலே தென்னிந்தியாவிலிருந்து தேயிலைத் தோட்டத்து வேலைக்கென வந்தவர். முதுமையிலே அவர் பெண்மக்களுடன் திருச்சிராப்பள்ளிக்கே திரும்பிவிட்டார். ஆண்மக்கள் இங்கேயே தங்கினர். அரைக் குடும்பம் அக்கரையிலும் அரைக் குடும்பம் இக்கரையிலுமாகப் பிரிந்த கதை மலைநாட்டிலே எத்தனை வீடுகளில் இல்லை! 1964 ஆம் ஆண்டு சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டு, எஞ்சிய 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று ஒதுக்கி வைத்தது. அவர் பிறந்தபோது அந்த ஒதுக்கி வைத்த தொகைக்கு இன்னும் விடை கிடைத்திருக்கவில்லை. 1974 இலேதான் அதனையும் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பிரித்துக்கொண்டன.

1977 ஆகஸ்ட் மாதத்து வன்செயலில் தந்தையாரின் தொழிற்சாலை எரிக்கப்பட்டது. தந்தையாரும் தாக்கப்பட்டார். மகனுக்கு அப்போது ஐந்து வயது. குடும்பம் நாட்டை விட்டு ஓடவில்லை. எரிந்ததை மீண்டும் கட்டியது.

கட்டுகஸ்தோட்டையிலுள்ள புனித அந்தோனியார் கல்லூரியிலே படித்த சிறுவன் முதலில் மிதவேகப் பந்துவீச்சாளனாகவே விளங்கினான். பதினான்காம் வயதளவில், பயிற்றுநர் சுனில் பெர்னாண்டோ அவனைச் சுழற்பந்துக்கு மாற்றினார். பாடசாலைக் காலத்தின் முடிவிலே, 1990-91 பருவத்தில், நூற்றுக்கு மேற்பட்ட விக்கெட்டுக்களை வீழ்த்தி ஆண்டின் சிறந்த பாடசாலை வீரராகத் தெரிவானார். பின்னர் கொழும்பிலே தமிழ் யூனியன் கழகம். 1992 ஆகஸ்ட் 28 இலே கெத்தாராமை மைதானத்தில் அவுஸ்திரேலியாவுக்கு எதிராக முதலாவது டெஸ்ட் ஆட்டம். முதல் விக்கெட் கிரெய்க் மக்டெர்மட்.

இங்கே அந்தக் கையைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். முரளிதரனின் வலது முழங்கை பிறவியிலேயே முழுதாய் நிமிராதது. நீட்டச் சொன்னாலும் ஓரளவு வளைந்தே நிற்கும். மணிக்கட்டோ எண்ணெயிட்ட அச்சைப் போலச் சுழலவல்லது. விரலைக் கொண்டு பந்தைத் திருப்புவதே வலக்கை ஓஃப் சுழற்பந்தாளர் வழக்கம். இவர் மணிக்கட்டைக் கொண்டு திருப்பினார். கை வளைந்திருப்பது குற்றமன்று என்பதே கிரிக்கெட் விதி. வீசும் வேளையில் வளைவு நிமிர்வதே குற்றம். பிறவி வளைவையும் வீச்சு நேர நிமிர்வையும் வெறுங்கண்ணால் பிரித்தறிவது எளிதன்று. அரங்கிலே தொலைவில் அமர்ந்திருந்த ஆயிரக்கணக்கானோர் தாம் எளிதில் பிரித்தறிந்துவிட்டதாகவே நம்பினர்.

1995 டிசெம்பர் 26 இலே மெல்பேண் மைதானத்தில், ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்டோர் பார்த்திருக்க, நடுவர் டரல் ஹெயார் மூன்று ஓவர்களில் ஏழு முறை கையை நீட்டி, முறையற்ற பந்து என்றார். பந்துவீச்சாளனின் முன்காலைப் பார்க்கவேண்டிய நடுவர் தம்மிடத்தில் நின்றபடியே கையைக் குற்றம் கண்டார். வியப்பு என்னவெனில், அதே நாளில் மறு முனையிலிருந்த நடுவர் ஸ்டீவ் டன் எக்குற்றமும் காணவில்லை; முரளிதரன் அம்முனையிலிருந்து தொடர்ந்து வீசினார். ஒரே கை, ஒரே நாள், ஒரே ஆட்டம். ஒரு முனையில் குற்றவாளி, மறு முனையில் நிரபராதி. அடுத்த மாதமே பிரிஸ்பேணில் ரொஸ் எமர்சன் என்னும் நடுவர் அதனையே செய்தார். முழங்கையை மடக்கி எறிதல் ஏறத்தாழ இயலாதது எனக் கருதப்படும் லெக் பிரேக் பந்தை வீசிக் காட்டியபோதும் அவர் கை நீண்டது.

இவ்வேளையில் முரளிதரன் என்ன செய்தார் என்பதே எனக்கு அவர் எடுத்த விக்கெட்டுக்களினும் பெரிதாகப் படுகிறது. அளந்து பாருங்கள் என்று கையைக் கொடுத்தார். 1996 இலே மேற்கு அவுஸ்திரேலியப் பல்கலைக்கழகத்திலும் ஹொங்கொங் அறிவியல் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்திலும் அதிவேகப் படக்கருவிகளின் முன் நின்று வீசினார். கண்ணுக்கு எறிவாகத் தோன்றுவது ஒருவகைத் தோற்ற மயக்கமே என்று ஆய்வு கூறிற்று. அதனோடு வழக்கு முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. 1999 ஜனவரியில் அடிலெயிட் நகரிலே எமர்சன் மீண்டும் கையை நீட்டினார். அணித் தலைவர் அர்ஜுன ரணதுங்க வீரர்களை எல்லைக்கோட்டருகே அழைத்துச் சென்று ஆட்டத்தையே நிறுத்தி வாதாடினார். 303 என்ற இலக்கைத் துரத்திய இலங்கை ஒரு விக்கெட் மிச்சமிருக்க அன்று வென்றது. ரணதுங்கவின் செயலை ஆட்டப் பண்புக்கு இழுக்கு என்றவர் பலர். இளையோன் ஒருவனை ஊரார் கூடிக் கள்வன் என்னும்போது வீட்டுப் பெரியவர் அப்படித்தான் எழுந்து நிற்பார். அதில் நான் இழுக்கைக் காணவில்லை.

மலைநாட்டு வாசகர்க்கு இவ்வழக்கு புதிதாகத் தோன்றாது. கொழுந்துக் கூடையைத் தராசிலே தூக்கி, குறைந்தால் அரைப்பேர் என்று எழுதும் கணக்கை நம் தாய்மார் நாள்தோறும் கண்டவர்கள். 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் நம் முன்னோரிடம், உன் தந்தை இங்கே பிறந்தவன் என்பதற்குச் சான்று எங்கே என்று கேட்டது. லயத்திலே பிறந்த குழந்தைக்குப் பத்திரம் ஏது? பத்திரம் இல்லாமற் போனதே குற்றமாயிற்று. சந்தேகத்தை எழுப்புவது ஒருவர், மெய்ப்பிக்கும் சுமை மற்றொருவர்மீது. முரளிதரனுக்கும் நம் பாட்டன்மாருக்கும் இடையிலே செல்வத்திலும் வாழ்விலும் எவ்வளவு தூரம் இருப்பினும், இந்த ஓரிடத்தில் அவர்கள் ஒரே வரிசையில் நின்றவர்கள் என்றே கருதுகிறேன்.

2004 இலே வழக்கு உச்சத்தை அடைந்தது. "தூஸ்ரா" என வழங்கும் மறுபுறம் திரும்பும் பந்தைக் குறித்து முறைப்பாடு எழுந்தது. மீண்டும் பேர்த் நகரத்து ஆய்வுகூடம். அப்பந்தை வீசுகையில் முழங்கை சுமார் 14 பாகை நிமிர்கிறது எனவும், திருத்தப் பயிற்சியின் பின் அது ஏறத்தாழ 10 பாகையாகக் குறைந்தது எனவும் கண்டனர். அப்போது சுழற்பந்தாளர்க்கு இருந்த எல்லை 5 பாகை. அவுஸ்திரேலியப் பிரதமர் ஜோன் ஹவார்ட் என்பவரே அவரை எறிபவர் என்று வெளிப்படையாகக் கூறினார். அவ்வாண்டு அவுஸ்திரேலியப் பயணத்தில் முரளிதரன் கலந்துகொள்ளவில்லை. இங்கிலாந்துத் தொலைக்காட்சியினர் முன்னிலையிலோ, மேற்கையிலிருந்து மணிக்கட்டு வரை இரும்புக் கம்பி பதித்த கவசத்தைப் பூட்டிக்கொண்டு, முழங்கை அசையவே இயலாத நிலையில் தூஸ்ரா உட்பட எல்லாப் பந்துகளையும் வீசிக் காட்டினார். கட்டிய கையோடு ஒருவன் தன் தொழிலைச் செய்து காட்டவேண்டியிருந்தது என்பதை எண்ணுகையில் சிரிப்பும் வருகிறது, சினமும் வருகிறது.

அதன்பின் சர்வதேச கிரிக்கெட் சபை ஏனையோரையும் அளக்கத் தொடங்கியது. அப்போதுதான் உண்மை வெளியாயிற்று. மாசற்ற கை என்று போற்றப்பட்ட மக்ராத், பொல்லாக் போன்றோரும் வீசும்போது முழங்கையை ஓரளவு நிமிர்த்துகின்றனர். கிட்டத்தட்ட எல்லாருமே நிமிர்த்துகின்றனர். பழைய விதியை எழுத்துக்கு எழுத்து நடத்தினால் வீசுவதற்கு ஆளே எஞ்சார். 2005 மார்ச் முதல் எல்லோர்க்கும் 15 பாகை என்று விதி வகுக்கப்பட்டது. ஒரு மனிதனுக்காகச் சட்டத்தை வளைத்தனர் என்போர் இன்றும் உளர். ஒருவனை மட்டும் அளந்தவரையில் அவன் குற்றவாளியாய்த் தெரிந்தான். எல்லோரையும் அளந்தபோது சட்டமே தன் கண் குறையை ஒப்புக்கொண்டது என்பதே பொருந்தும்.

ஆட்டத்தைப் பற்றி மட்டும் எழுத இடம் இருந்திருந்தால் 1998 ஆம் ஆண்டு ஓவல் ஆட்டத்தை விரித்திருப்பேன். முதல் ஆட்டத்தில் 155 ஓட்டங்களுக்கு 7, இரண்டாவதில் 65 ஓட்டங்களுக்கு 9. இங்கிலாந்து மண்ணில் இலங்கையின் முதல் டெஸ்ட் வெற்றி அது. இரண்டாவதில் தப்பிய ஒரு விக்கெட்டும் ஓட்ட முயன்று வீழ்ந்தது. இரு ஆட்டங்களிலும் அவர் வீசியவை 113 ஓவர்களும் 5 பந்துகளும். டெஸ்ட் வாழ்வு முழுவதிலும் 133 ஆட்டங்களில் 44,039 பந்துகள். வேறெவரும் இத்துணை வீசியதில்லை. மேதைமை என்று பலரும் வியக்கின்றனர். எனக்கு அந்த எண்ணைக் காண்கையில் உழைப்பே முதலில் கண்ணிற்படுகிறது.

அவரைப் பற்றிய மனக்கசப்பும் தமிழரிடையே உண்டு; அதை எழுதாமல் விடுவது நேர்மையாகாது. 2019 இலே சனாதிபதித் தேர்தற் காலத்தில் அவர் கோட்டாபய ராஜபக்ஷவை ஆதரித்து நின்றார். போரிலே உறவுகளை இழந்தோர்க்கு அது ஆறாத புண்ணாயிற்று. அவர் வாழ்வைக் கூறும் திரைப்படத்தில் விஜய் சேதுபதி நடிப்பதற்குத் தமிழகத்தில் 2020 இலே எதிர்ப்பு எழுந்தது. நடிகருக்குத் தம்மால் தீங்கு நேரலாகாதென முரளிதரனே அறிக்கை விட, அவர் விலகினார். படம் வேறொரு நடிகருடன் "800" என்னும் பெயரில் 2023 இலே வெளிவந்தது. வடக்கின் துயரை அவர் போதிய அளவு உணரவில்லை என்னும் குறையை நான் தள்ளிவிடமாட்டேன். ஆயினும், சுனாமிக்குப் பின் லொறிகளில் உணவு கொண்டு சென்று கொடுத்தவரும் அவரே. பந்து வீசியவனிடம் இனத்தின் வழிகாட்டியையும் எதிர்பார்த்தது நம் ஆசை. அவர் கொடுத்த வாக்கு அன்று.

2010 ஜூலையிலே காலி மைதானத்தில், இந்தியாவுக்கு எதிரான முதல் ஆட்டத்தோடு ஓய்வு பெறுவதாக முன்னரே அறிவித்துவிட்டார். அப்போது 792 விக்கெட்டுக்கள். எட்டு வேண்டும், மழையோ இரண்டாம் நாளை முழுதாய் விழுங்கிற்று. முதல் ஆட்டத்தில் ஐந்து கிடைத்தன. இரண்டாவதில் இரண்டு எடுத்தபின் கடைசி இணை நெடுநேரம் அசையாது நின்றது. 22 ஆம் திகதி, பிரக்யான் ஓஜாவின் மட்டையில் உரசிய பந்தை ஸ்லிப்பில் நின்ற மஹேல ஜயவர்தன பிடித்தார். டெஸ்ட் ஆட்டத்தில் முரளிதரன் வீசிய கடைசிப் பந்து அதுவே.

ஒருநாள் ஆட்டங்களில் இன்னும் சில மாதங்கள் எஞ்சியிருந்தன. 2011 உலகக் கிண்ண அரையிறுதியில், தாய்மண்ணில் வீசிய கடைசிப் பந்திலும் நியூசிலாந்தின் ஸ்கொட் ஸ்டைரிசை வீழ்த்தினார். ஏப்ரல் 2 இலே மும்பாயில் நடந்த இறுதியாட்டத்தில் உடல் நோவுடன் எட்டு ஓவர்கள் வீசி, 39 ஓட்டங்கள் கொடுத்து, விக்கெட் எதுவும் பெறாமல் வெளியேறினார். இந்தியா வென்றது.