டிஸ்கோ தாளத்தில் பத்து ராகங்கள்

சரண்ஜித் சிங்கின் ‘சிந்தசைசிங்: டென் ராகாஸ் டு எ டிஸ்கோ பீட்’ 1982இல் மும்பையில் பதிவான இசைத்தட்டு. வெளியிட்டது எச்.எம்.வி. சிங், இந்தித் திரையிசைக் குழுக்களில் கிட்டாரும் கீபோர்டும் வாசித்து வந்தவர். ‘குர்பானி’ படம் (1980) கிளப்பிய டிஸ்கோ மோகம் அடங்காத காலம் அது. இருந்தும் தட்டு விலைபோகவில்லை. பாட்டே இல்லாத டிஸ்கோவை யார் வாங்குவார்கள்?

கருவிகள் மூன்றும் ரோலண்ட் தயாரிப்பு. டி.ஆர்-808 தாளத்தைப் பார்த்துக்கொள்கிறது. டி.பி-303, பேஸ் கிட்டார் வாசிக்க ஆள் கிடைக்காதவர்களுக்காக வந்த சிறு பெட்டி. ஒரு சுரத்திலிருந்து அடுத்ததற்கு வழுக்கிச் செல்லும் வசதி அதில் உண்டு. அதில் ராகத்தின் சுரங்களைப் பதித்துச் சுழலவிட்டு, மேலே ஜூபிட்டர்-8 கீபோர்டில் ராகத்தை விரிக்கிறார் சிங். கச்சேரியில் தம்புராவும் தபேலாவும் செய்கிற வேலையை இங்கே இயந்திரங்கள் செய்கின்றன, அவ்வளவுதான். கர்நாடக இசை கேட்டுப் பழகியவருக்கும் வழி தப்பாது: பூபாலி நம் மோகனம், மால்கௌன்ஸ் ஹிந்தோளம், கலாவதி வலஜி. நுணுக்கமான கமகத்தை எதிர்பார்த்தால் மட்டும் ஏமாற்றம்தான்.

நெதர்லாந்தைச் சேர்ந்த சேகரிப்பாளர் எடோ பௌமன் 2010இல் தமது ‘பாம்பே கனெக்ஷன்’ இசை நிறுவனம் வழியாக இதை மறுவெளியீடு செய்தார். சிகாகோவின் ஃப்யூச்சர் குழு அதே 303ஐ வைத்து ‘ஆசிட் டிராக்ஸ்’ வெளியிட்டது 1987இல்; ஆசிட் ஹவுஸ் என்ற நடன இசையின் தொடக்கமாகக் கருதப்படுவது அதுதான். ஐந்தாண்டு முந்திய இந்தத் தட்டு போலியோ என்றுகூடச் சிலர் சந்தேகித்தார்கள். ‘ஆசிட் ஹவுஸின் தந்தை’ என்று சிங்குக்குப் பட்டம் சூட்டியதும் மிகைதான். ஒரே பெட்டியை இரண்டு ஊர்களில் இரண்டு காரியங்களுக்குத் திருப்பினார்கள் என்பதே பொருத்தம். 2015இல் மறைவதற்கு முன் ஐரோப்பிய மேடைகளிலும் சிங் வாசித்துவிட்டார்.

பழைய பதிவை மறுவெளியிடும்போது செய்யும் ரீமாஸ்டர் என்பது மறுபடி வாசிப்பதல்ல. இருக்கிற பதிவின் இரைச்சலைக் குறைத்து, ஒலி அளவுகளைச் சீராக்குவது. இந்த வகை இசைக்கு அது வெறும் மெருகு அல்ல. ஒரு பக்கத்தில் ஐந்து ராகங்கள், ஒவ்வொன்றும் ஐந்து நிமிடம்போல. கனத்த பேஸுக்குத் தட்டில் அகலமான பள்ளம் வேண்டும். நேரம் கூடினால் பள்ளம் ஒடுங்கும், பேஸைக் குறைத்துத்தான் வெட்டுவார்கள். டிஜிட்டல் பிரதிக்கு அந்தக் கட்டு இல்லை. ஆனால் கைபேசியில் கேட்பவருக்கு வேறொரு கட்டு: அதன் குட்டி ஒலிபெருக்கியில் 808இன் அடி முரசு ஏறக்குறைய காணாமலே போய்விடும். நல்ல ஹெட்போன் இல்லாமல் இதைக் கேட்டுப் பயனில்லை.