சூரியத் தாயின் வீட்டில் மகளுக்கு இடமில்லை!

2019-ஆம் ஆண்டு, மே முதல் நாள். உலகெங்கும் உழைப்பவர் கொடி பிடித்து ஊர்வலம் போன நாள். அதே நாளில் டோக்கியோ அரண்மனைக் கூடமொன்றில் ஒரு வாளையும் ஒரு மணியையும் பெட்டிகளில் ஏந்தி வந்தனர். நருஹிதோ அவற்றை ஏற்றார். ஜப்பானின் 126-ஆவது மாமன்னர் ஆனார். சில நிமிடங்களில் சடங்கு முடிந்தது.

கூடத்தில் இருந்தவர் யார்? அரச குடும்பத்தின் வயது வந்த ஆண்கள் இருந்தனர். அமைச்சர்கள் இருந்தனர். நீதிபதிகள் இருந்தனர். மாமன்னரின் மனைவி மசாகோ? இல்லை! ஹார்வர்டில் படித்தவர், வெளிநாட்டுத் தூதுவர் பணியில் இருந்தவர், அன்று முதல் நாட்டின் கோப்பெருந்தேவி எனப்பட்டவர் — அவருக்கு அந்தக் கூடத்தில் இடமில்லை. அந்தக் குடும்பத்துப் பெண் எவருக்கும் இல்லை.

ஆனால், வேடிக்கையைக் கேளுங்கள், ஒரு பெண் அங்கே நின்றார். சத்சுகி கதயாமா என்பார். அமைச்சரவையில் இருந்த ஒரே பெண் அமைச்சர். வாக்குப்பெட்டி வழியாக வந்த பெண்ணை வாசலில் மறிக்க வகையில்லை. மாமன்னன் கைப்பிடித்த பெண்ணை மட்டும் மறித்துவிட்டார்கள்!

ஏனய்யா இப்படி என்று கேட்டால், “தொன்றுதொட்டு வரும் வழக்கம்” என்றார்கள். தொன்று என்றால் எந்த ஆண்டு? தொட்ட கை எவருடைய கை? அதைத்தான் தோழர்களே, நாம் கேட்கப் போகிறோம்.

“முடி யார் தலையில் இருந்தால் நமக்கென்ன? முடியே வேண்டாம் என்பவரல்லவா நாம்!” என்று ஆலைத் தோழர் ஒருவர் குறுக்கிடுவது காதில் விழுகிறது. மெய்தான். மன்னர்க்கு வெண்சாமரம் வீச இந்தப் பேனா பிறக்கவில்லை. ஆனால் ஒரு நாட்டின் உச்சியில், “பெண் என்பதால் நீ ஆகாது” என்று சட்டமே எழுதி ஒட்டியிருந்தால், அடுத்த தெருவில் உள்ள ஆலை முதலாளியும் அலுவலக மேலாளரும் அதைப் படிக்காமலா இருப்பார்கள்? மேட்டில் கொட்டிய தண்ணீர் பள்ளத்துக்கு வராமல் போகுமா?

முதலில் அவர்களே சொல்லும் கதையைப் பார்ப்போம். அந்த அரச குடும்பத்தின் மூதாதை யார்? அமதெராசு, சூரியக் கடவுள். ஆணா, பெண்ணா? பெண்! அவள் வழிவந்த ஜிம்மு என்பவன் கி.மு. 660-இல் முடிசூடினான் என்று ஏடு சொல்கிறது. சூரியன் பேரன் பெற்றதாக நம்பச் சொல்கிறார்கள். நாம் நம்பவில்லை, அது கிடக்கட்டும். நம்புகிறவர்களாவது யோசிக்க வேண்டாமா? குலத்துக்கு வேர் ஒரு தாய் என்கிறீர்கள். அந்த வேரிலிருந்து வந்த மகளை மட்டும் களை என்று பிடுங்குகிறீர்களே!

கதை வேண்டாம், வரலாறு வேண்டுமா? ஜப்பானில் எட்டுப் பெண்கள் அரியணை ஏறி ஆண்டிருக்கிறார்கள். அரசன் மனைவியராக அல்ல, தாமே அரசராக! ஆளும் அரசருக்கு அம்மொழியில் ‘தென்னோ’ என்று பெயர். ஆணுக்கும் அதே சொல், பெண்ணுக்கும் அதே சொல். எண்மரில் இருவர் இறங்கிவிட்டு மறுபடியும் ஏறினர். ஆக, பத்து ஆட்சிகள்.

முதல்வர் சுயிகோ. 592-இல் அன்றைய மன்னன் சுஷுன் கொலையுண்டான். கொல்ல ஏற்பாடு செய்தவன் சோகா நோ உமாகோ, மன்னனைவிட வலுத்த அமைச்சன். அந்த இரத்தம் காயுமுன் அரியணை ஏறியவர் இந்த அம்மையார். மருமகன் ஷோதோகு இளவரசனை அருகே வைத்துக்கொண்டு ஆண்டார். 604-இல் பதினேழு விதிகள் கொண்ட அரசுநெறி வெளியாயிற்று. 607-இல் சீனத்துச் சுயி பேரரசுக்குத் தூதர் போயினர். 628-இல் இறக்கும்வரை ஏறத்தாழ 36 ஆண்டு ஆட்சி! “பெண்கள் ஆண்டது இடைக்கால ஏற்பாடு; ஆண்பிள்ளை வளரும்வரை நாற்காலியைச் சூடாக வைத்திருந்தார்கள்” என்று இன்று சிலர் எழுதுகிறார்கள். 36 ஆண்டு இடைக்காலமா? அப்படியானால் இரண்டாண்டும் மூன்றாண்டும் இருந்துவிட்டுப் போன ஆண் மன்னர்களை எந்தக் காலம் என்று எழுதுவது?

அடுத்தவர் கோக்யோகு. 645-இல் இவர் கண்முன்னே, அரசவையிலேயே, சோகா குடும்பத்து இருக்கா வெட்டப்பட்டான். அரசி இறங்கினார், தம்பி ஏறினான். பத்தாண்டு கழித்து, 655-இல், சைமெய் என்ற புதுப் பெயருடன் மீண்டும் ஏறினார். கொரியாவில் பெக்ஜே நாடு வீழ்ந்தபோது, அதற்குப் படைத்துணை அனுப்ப முதுமையிலும் தலைநகரை விட்டுக் கியூஷுத் தீவுக்குச் சென்று, 661-இல் அங்கேயே உயிர் நீத்தார். பாசறைப் பக்கத்தில் மாண்ட கிழவியை நாற்காலி காத்தவள் என்பதா!

கெம்மெய் என்பவர் 710-இல் நாராவுக்குத் தலைநகரை மாற்றினார். 712-இல் கொஜிக்கி என்ற பழங்கதை ஏடு தொகுக்கப்பட்டதும் இவர் ஆட்சியில்தான். சூரியத் தாய் கதையை இன்றைக்கு எடுத்துக்காட்டுகிறார்களே, அந்த ஏடே ஒரு பெண்ணின் ஆணையால் முடிந்தது! 715-இல் கெம்மெய் அரியணையைத் தந்தது யாருக்கு? மகனுக்கல்ல, மகள் கென்ஷோவுக்கு. தாய்க்குப் பின் மகள்! அக்காலத்துச் சட்டத்தொகுப்பில் இன்னொன்றும் உண்டு: மன்னரின் மக்கள் இளவரசர் என்று எழுதிவிட்டு, ஆளும் அரசியின் மக்களும் அவ்வாறே என்று குறிப்புப் போட்டிருக்கிறார்கள். எட்டாம் நூற்றாண்டுக்காரனுக்கு இருந்த எண்ணம் பத்தொன்பதாம் நூற்றாண்டுக்காரனுக்கு இல்லாமற் போயிற்று.

இனி, பெண்ணாட்சியின் எதிரிகள் ஆவலோடு எடுக்கும் ஆயுதம்: கோக்கென் கதை. இவர் ஆட்சியில் 752-இல் நாராவின் மாபெரும் வெண்கலப் புத்தர் சிலைக்குக் கண்திறப்பு விழா நடந்தது. கண் திறந்தவர் இந்தியாவிலிருந்து போன போதிசேனர் என்ற துறவி. பின்னர் இறங்கி, 764-இல் மறுபடி ஏறினார். டோக்யோ என்ற பிக்குவிடம் அளவு கடந்த நம்பிக்கை வைத்தார். ஊரின் பெயரல்ல, ஆளின் பெயர்! 769-இல் ஊசா என்ற ஊர்க் கோயிலிலிருந்து சேதி வந்தது: பிக்குவை மன்னனாக்கினால் நாடு செழிக்கும் என்று சாமி சொல்லிற்றாம். சரிபார்க்கக் கியோமாரோ என்ற அதிகாரியை அனுப்பினார்கள். அவன் திரும்பிவந்து, அரச குலத்தவனே ஆளவேண்டும் என்று சாமி சொல்லிற்று என்றான். ஒரே கோயில், ஒரே சாமி, இரண்டு வாக்கு! அரசிக்குக் கோபம். தூயவன் என்று பொருள்படும் அவன் பெயரை அழுக்கன் என்று மாற்றி நாடு கடத்தினார். அடுத்த ஆண்டு அரசி இறந்ததும் பிக்கு தொலைவூர்க் கோயில் ஒன்றுக்குத் துரத்தப்பட்டான். கியோமாரோ திரும்பி வந்தான்.

அரசி செய்தது சரி என்று வாதாட நான் வரவில்லை. காவியுடைக்கும் குறிசொல்லுக்கும் அரசாட்சியில் இடம் கொடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு அது சான்று. ஆனால் பின்வந்தவர்கள் என்ன பாடம் எழுதினார்கள்? பிக்குவை நம்பாதே என்றா? குறிசொல்லை ஒழி என்றா? இல்லை, “பெண்ணை ஏற்றாதே” என்று! மதம் மாட்டிக்கொள்ள வேண்டிய இடத்தில் மாதர் மாட்டிக்கொண்டனர். 770-க்குப் பிறகு 859 ஆண்டுகள் பெண் எவரும் ஏறவில்லை.

1629-இல் ஏறிய மெய்ஷோ சிறுமி. ஷோகன் என்னும் படைத்தலைவரோடு பிணங்கித் தந்தை முடி துறக்க, அந்த ஷோகன் குடும்பத்தின் பேத்தியான குழந்தையின் தலையில் முடி வைத்தார்கள். அதிகம் சொல்ல ஒன்றுமில்லை.

கடைசி அரசி கோ-சகுராமச்சி. 1762 முதல் 1770 வரை ஆண்டார். இவரைப் பற்றி நம் தோழர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய செய்தி அவர் இறங்கிய பிறகு நடந்தது. 1787: பஞ்சம். அரிசி விலை ஏறி, ஒசாகாவிலும் எடோவிலும் பசித்தவர் அரிசிக் கடைகளை உடைத்தார்கள். கியோத்தோவில் மக்கள் வேறொன்று செய்தார்கள். அரண்மனை மதிலைச் சுற்றிச் சுற்றி வந்தார்கள். பத்துப்பேர், நூறுபேர் என்று தொடங்கிப் பல்லாயிரவர் ஆயிற்று கூட்டம். “சோறு!” என்று கேட்கும் குரலைக் கும்பிடாக மாற்றிக்கொண்ட ஊர்வலம் அது, வேண்டுதல் என்று பெயர், கிளர்ச்சி என்று பொருள்! அப்போது அந்த முன்னாள் அரசி, வந்தவர்களுக்கு ஆளுக்கொன்றாக 30,000 ஆப்பிள்களைக் கொடுக்கச் செய்தார். ஆப்பிளால் பசி தீருமா? தீராது. ஆனால் மதிலுக்கு வெளியே கூட்டம் நிற்பதை மதிலுக்கு உள்ளிருந்து பார்த்தார் அல்லவா? அரசவையும் ஷோகன் அரசிடம் மக்களுக்கு அரிசி கொடு என்று கேட்டது, களஞ்சியம் திறந்தது. தம் வழக்கத்தை மீறி அரசவை ஷோகனுக்கு யோசனை சொல்லத் துணிந்தது அப்போது. துணிவைத் தந்தவர்கள் மதிலைச் சுற்றிய பசித்தவர்கள்.

இந்த எட்டுப் பெயரையும் ஒரே கோட்டில் அடித்தது எந்நாள்? 1889, பிப்ரவரி 11. மெய்ஜி அரசியல் சட்டத்தோடு அன்று எழுதி முடித்த அரசகுலச் சட்டம் சொல்லிற்று: அரியணை ஆண்வழி வந்த ஆணுக்கே! அதற்குமுன் போட்ட நகல்களில் ஒன்று பெண்ணுக்கும் இடம் வைத்திருந்தது. இனோயே கொவாஷி என்ற சட்ட வல்லுநர் எதிர்த்தார். இத்தோ ஹிரோபுமி இசைந்தார். அரசிக்குக் கணவன் வருவானே, ஆணை உயர்வென எண்ணும் நாட்டில் அரசியின் மேன்மை என்னாகும் என்பது அவர்கள் தரப்பு வாதம். ஆணை உயர்வென்று எண்ணுவது பிழையென்று சொல்ல நா எழவில்லை! அவர்கள் அதை எழுதிக்கொண்டிருந்த நாளில் இலண்டனில் விக்டோரியா அரை நூற்றாண்டு ஆண்டு முடித்திருந்தார். இவர்கள் கண்ணுக்குப் பிரஷ்யாவே தெரிந்தது.

ஆக, தொன்று என்பது 1889. தொட்ட கை இனோயேயின் கை.

ஆண் பிள்ளைக்கு எங்கே போனார்கள்? மெய்ஜி மன்னருக்குக் கோப்பெருந்தேவியிடம் பிள்ளையே இல்லை. ஐந்து காமக்கிழத்தியரிடம் 15 பிள்ளைகள். அவர்களில் ஆண்கள் ஐவர். வளர்ந்து ஆளானவர் ஒருவர். அவர்தாம் தைஷோ மன்னர். மெய்ஜியே அப்படிப் பிறந்தவர்தாம். ‘அறாத ஆண்வழி’ என்று அவர்கள் பெருமை பேசுகிறார்களே, அந்த வழி நெடுகப் பெயரில்லாப் பெண்களின் கண்ணீர் தேங்கிக் கிடக்கிறது.

போர் முடிந்தது. 1946 புத்தாண்டில் மன்னர் ஹிரோஹிதோ தாம் கடவுளல்லர் என்று அறிவித்தார். அவ்வாண்டு ஏப்ரலில் ஜப்பானியப் பெண்கள் முதன்முறை வாக்களித்தனர். 39 பெண்கள் வென்றனர். 1947-இல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டம், 14-ஆம் பிரிவில், பாலினத்தால் வேற்றுமை கூடாது என்றது. பெண்ணுரிமைப் பிரிவுக்கு நகல் எழுதியவர் பியாதே சிரோத்தா என்ற 22 வயதுப் பெண். அதே ஆண்டு, அதே மே 3-ஆம் நாள், நடைமுறைக்கு வந்த புதிய அரசகுலச் சட்டத்தின் முதல் பிரிவு என்ன? ஆண்வழி ஆணுக்கே! நாடு முழுவதும் சமத்துவம். அரண்மனைக்கு மட்டும் விலக்கு. காமக்கிழத்தி பிள்ளைக்கு உரிமை இல்லை என்று மட்டும் திருத்தினார்கள். நல்ல திருத்தம்தான். ஆனால் கணக்கு? கிளை வீடுகள் பதினொன்று, உறுப்பினர் 51 பேர், அக்டோபரில் குடிமக்களாகி வெளியேறினர். பெண் வேண்டாம், கிழத்தி வேண்டாம், கிளை வேண்டாம். மரம் எதில் நிற்கும்?

நிற்கவில்லை. 1965-க்குப் பிறகு நாற்பதாண்டு அந்த வீட்டில் ஆண் குழந்தையே பிறக்கவில்லை. 2001-இல் ஐக்கோ பிறந்தார். பெண்! ஆண் மகவு இல்லையே என்ற நெருக்கடியில் தாய் மசாகோ நோயுற்றார். 2005 நவம்பரில் பிரதமர் கொய்சுமி அமைத்த குழு, ஆணோ பெண்ணோ மூத்த பிள்ளைக்கே உரிமை என்று பரிந்துரைத்தது. சட்டம் வரும் என்றார்கள். மறு பிப்ரவரியில் இளவரசரின் தம்பி மனைவி கருவுற்ற செய்தி வந்தது. செப்டம்பரில் ஹிசாஹிதோ பிறந்தார். ஆண்! மசோதா மூலையில் போடப்பட்டது. ஒரு நாட்டின் நீதி, ஒரு குழந்தை ஆணா பெண்ணா என்று பார்த்துவிட்டுப் படுத்துக்கொண்டது.

எதிர்த்தரப்பின் வலுவான வாதத்தை மறைக்க வேண்டாம். “ஆண்ட எண்மரும் தந்தைவழியில் அரச குலத்தவர், வெளிக்குலத்துக் கணவனுக்குப் பெற்ற பிள்ளையை எவரும் அரியணையில் ஏற்றவில்லை” என்கிறார்கள். உண்மை. நால்வர் கைம்பெண்கள்; நால்வர் மணமே செய்யாதவர். சரி, அதே அளவுகோலை ஐக்கோவுக்கு வையுங்கள். தந்தை மாமன்னர். தந்தைவழிப் பாட்டனும் மாமன்னர். அந்த எண்மருக்கு இருந்த தகுதி முழுதும் இவருக்கு இருக்கிறதே, ஏன் கதவு திறக்கவில்லை? பதில் வராது. 2021-இல் ஒரு குழு சொன்ன வழிகளுள் ஒன்று: 1947-இல் வெளியேறிய கிளைகளின் ஆண்களைத் தத்தெடுக்கலாம் என்பது. அவர்களுக்கும் மாமன்னருக்கும் ஆண்வழிப் பொதுப் பாட்டன் ஏறத்தாழ 600 ஆண்டுக்கு முந்தியவர்! வீட்டில் மகள் இருக்க, அறுநூறு ஆண்டுத் தொலைவில் அங்காளி தேடுகிறார்கள்.

நருஹிதோ ஏறிய நாளில் வரிசையில் இருந்தவர் மூவர்: 53 வயதுத் தம்பி, 12 வயதுச் சிறுவன், 83 வயதுச் சிற்றப்பா. மக்கள் என்ன சொல்கிறார்கள்? 2024-இல் கியோடோ செய்தி நிறுவனம் கேட்டபோது நூற்றுக்குத் தொண்ணூறு பேர் பெண் ஏறலாம் என்றனர். அவ்வாண்டு அக்டோபரில் ஐ.நா.வின் மகளிர் குழுவும் சட்டத்தைத் திருத்து என்றது. அரசு என்ன செய்தது? 2025 சனவரியில், தான் தரும் நன்கொடைப் பணத்தை அக்குழுவுக்குச் செலவிடாதே என்றது! அவ்வாண்டு அக்டோபரில் சனாயே தகாயிச்சி நாட்டின் முதல் பெண் பிரதமரானார். ஆண்வழியே வேண்டும் என்னும் அணியைச் சேர்ந்தவர் அவர். பெண் ஏறினால் போதாது, எந்தக் கொள்கையைத் தூக்கிக்கொண்டு ஏறுகிறார் என்று பார்க்கவேண்டும் என்பதை மகளிரணித் தோழியர் நம்மைவிட நன்கறிவர்.

ஐக்கோ 2024 மார்ச்சில் படிப்பை முடித்தார். ஏப்ரல் முதல் நாள் ஜப்பான் செஞ்சிலுவைச் சங்கத்தில் வேலைக்குச் சேர்ந்தார். 1947-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவு, குடிமகன் ஒருவரை மணக்கும் இளவரசி அரச குடும்பத்திலிருந்து நீங்கவேண்டும் என்கிறது. குடிமகளை மணக்கும் இளவரசனுக்கு அப்படி ஒரு பிரிவு இல்லை. அவருடைய தந்தை மணந்ததும் குடிமகளைத்தான். பாட்டன் மணந்ததும் குடிமகளைத்தான்.